சிஸ்டர் கொர்னேலியாவின் கை

டக் என்று ஒரு சத்தம். விளக்கையெல்லாம் அணைத்த பிறகு, ஹாலிலிருந்து. பல்லி என்று நினைத்தேன், ஆனால் பல்லி இப்படி யோசித்து யோசித்துச் சத்தம் போடாது. டக். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தால் ஒன்றுமில்லை, மூச்சை விட்டதும் மறுபடி டக், மரப்பெட்டிக்குள் அடைபட்ட யாரோ வெளியே ஆள் இருக்கிறதா என்று ஒற்றை நகத்தால் தட்டிப் பார்ப்பது போல. குழந்தை அனிட்டாவைத் தோளில் போட்டுக்கொண்டு இருட்டிலேயே நடந்து போய்ப் பார்த்தேன். டி.வி.தான். சாயங்காலம் முழுக்க ஓடிச் சூடேறிய பெட்டி ஆறிக்கொண்டிருக்கிறது, பலகைகள் ஒவ்வொன்றாகத் தங்கள் பழைய இடத்துக்குத் திரும்புகின்றன, அவ்வளவுதான், இது சயின்ஸ், வெப்பத்தால் விரியும் குளிர்ச்சியால் சுருங்கும், ஆறாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு நானே நடத்தியிருக்கிறேன். டி.வி.யின் மர ஷட்டரை இழுத்து மூடினேன். மூடிய பிறகும் உள்ளே தட்டிக்கொண்டுதான் இருக்கிறது. குழந்தையைத் தொட்டிலில் போட்டுவிட்டுச் சாப்பாட்டு மேஜையில் வந்து உட்கார்ந்திருக்கிறேன். பயமாக இருந்தால் எழுது, எழுதிவிட்டுக் கிழித்துப் போடு, கர்த்தருக்குக் கிழித்ததையும் வாசிக்கத் தெரியும் என்று கான்வென்டில் சொல்லித் தந்தார்கள். அதனால் எழுதுகிறேன். பயமாக இருக்கிறது. வாசல் பக்கத்தில் ஊருக்குப் போகிற பெட்டி நிற்கிறது, என் புருஷன் பாஸ்கல் தன் கையாலேயே பெல்ட் போட்டு இறுக்கி வைத்த பெட்டி, மேலே பிளாஸ்க், பிளாஸ்க்குக்குப் பக்கத்தில் குழந்தையின் கம்பளித் தொப்பி. விடிந்ததும் நானும் அனிட்டாவும் வண்டியேறி விழுப்புரத்துக்கு என் அண்ணன் வீட்டுக்குப் போக வேண்டும். ஒரு மாதம். குழந்தைக்கு இந்த மில் குவார்ட்டர்ஸின் பஞ்சுத் தூசி ஆகவில்லை, நெஞ்சு கர்ர் என்கிறது, ஒரு மாதம் அங்கே இருந்துவிட்டு வா என்று அவர் சொன்னார். நேற்று இதே நேரத்தில் அந்தப் பெட்டியைப் பார்த்து எவ்வளவு கரிசனம் என்று உருகினேன். போகலாமா கூடாதா? போனால் இந்த வீட்டுக்குள் என்ன நடக்கும்? ஒரு பழைய சினிமாவைப் பார்த்துவிட்டு ஒரு பெண் தன் புருஷனைச் சந்தேகப்படுகிறாள் என்று யாரிடமாவது சொன்னால் சிரிப்பார்கள், படமும் சிரிப்புப் படம்தான்.

அந்தப் படத்தை நான் ஏற்கெனவே இரண்டு தடவை பார்த்திருக்கிறேன். அப்படித்தான் இன்று சாயங்காலம் வரைக்கும் நம்பிக்கொண்டிருந்தேன். மலைமேல் எங்கள் கான்வென்டில் மதர் சுப்பீரியர் பிறந்தநாளுக்கு வருஷத்துக்கு ஒரு படம் போடுவார்கள், டைனிங் ஹாலில் பெஞ்சுகளை ஒதுக்கி, வெள்ளை மேஜை விரிப்பு இரண்டைச் சேர்த்துத் தைத்துத் திரையாக்கி. புரொஜெக்டரை ஓட்ட டவுனிலிருந்து ஒரு ஆள் வருவான், அவன் முகத்தை நாங்கள் பார்க்கக் கூடாது என்பதால் அவனைச் சுற்றி ஒரு படுதா. படுதாவுக்கு வெளியே சிஸ்டர் கொர்னேலியா ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருப்பார். முதல் நாளே படத்தைத் தனியாகப் போட்டுப் பார்த்து எந்தெந்த இடம் என்று மனப்பாடம் செய்து வைத்திருப்பார், அந்த இடம் வரும்போது லென்ஸுக்கு முன்னால் கையை வைத்துவிடுவார். திரை முழுக்க ஒரு கை. நாங்கள் அத்தனை பேரும் அந்தக் கையைத்தான் பார்ப்போம், விரல் இடுக்குகளில் ஒளி கசிந்து விளிம்பெல்லாம் மங்கி, ஆள் உயரத்துக்கு ஒரு உள்ளங்கை. சத்தத்தை என்ன செய்வது? அதற்கும் சிஸ்டரிடம் வழி இருந்தது. கை வந்ததும் நாங்கள் மாதா பாட்டுப் பாட வேண்டும். நூற்றைம்பது பெண்கள் சேர்ந்து பாடினால் எந்தக் கதாநாயகன் பேசுவது காதில் விழும். கை விலகினதும் பாட்டை எந்த வரியில் இருந்தாலும் அப்படியே விட்டுவிட்டுப் படத்துக்குத் திரும்புவோம். எங்களுக்கு இது வினோதமாகத் தோன்றியதே இல்லை. படம் என்றால் நடுநடுவே கை வரும், பாட்டு வரும், அவ்வளவுதான். லீவில் வீட்டுக்குப் போய்த் தியேட்டரில் படம் பார்த்த பெண்கள் கதையை வேறு மாதிரி சொல்வார்கள், நாங்கள் அவர்களைப் பொய் சொல்கிறவர்கள் என்று நினைத்தோம். என் அப்பா சினிமாவுக்குக் கூட்டிப்போகிற ஆள் இல்லை. எனக்குத் தெரிந்த படங்கள் எல்லாமே சிஸ்டர் கொர்னேலியாவின் கைக்கு இந்தப் பக்கம் தெரிந்த படங்கள்.

எனக்குத் தெரிந்த கதை இது. ரத்னசாமி என்று ஒரு ஆபீஸ் குமாஸ்தா, பெண்டாட்டி குஞ்சிதம். ரத்னசாமி அடிக்கடி ராத்திரி ஆபீஸ் வேலை என்று கிளம்புவான். கிளம்பும்போதெல்லாம் தன் கைக்கடிகாரத்தைக் கழற்றிக் குஞ்சிதத்தின் மணிக்கட்டில் கட்டி, என் நேரத்தை உன்கிட்ட விட்டுட்டுப் போறேன், பத்திரமா வெச்சுக்கோ என்பான். அவள் வெட்கப்பட்டுச் சிரிப்பாள். உடனே கை, மாதா பாட்டு. கை விலகினால் விடிந்திருக்கும், அவன் களைத்துப்போய்த் திரும்பி வந்து கடிகாரத்துக்குக் கையை நீட்டிக்கொண்டு நிற்பான், அவள் கட்டிவிடுவாள். பாவம், ராத்திரியெல்லாம் குடும்பத்துக்காக உழைக்கிறான் என்று எங்களில் பாதிப் பேர் அழுதிருக்கிறோம். பிறகு ஒருநாள் குஞ்சிதத்துக்கு உடம்பு இளைத்துவிட்டது, பிறந்த வீட்டுக்குப் போய் நன்றாகச் சாப்பிட்டுவிட்டு வா என்று ரயிலேற்றி அனுப்புவான், பிளாட்பாரத்தில் கூடவே ஓடுவான், அந்த ஓட்டத்துக்கு நாங்கள் கைதட்டினோம். அவள் அடுத்த ஸ்டேஷனிலேயே இறங்கித் திரும்பி வந்து தன் வீட்டுக் கதவைத் தட்டுவாள். கை. அன்றைக்குப் பாட்டை இரண்டு தடவை முழுசாகப் பாடினோம், அவ்வளவு நேரம் கை. விலகும்போது எல்லோரும் சேர்ந்து சிரித்துக்கொண்டிருப்பார்கள், திரையில் வணக்கம் என்று வந்து படம் முடிந்துவிடும். பிரிவு தாங்காமல் திரும்பி வந்துவிட்டாள் என்று புரிந்துகொண்டோம். ஹாஸ்டலில் ஒருவர் மணிக்கட்டில் ஒருவர் தலை ரிப்பனைக் கட்டி, பத்திரமா வெச்சுக்கோ என்று சொல்லிக்கொண்டு அலைந்தோம். எனக்கு அது விளையாட்டாக இல்லை. இப்படி ஒரு மனுஷன் கிடைக்க வேண்டும் என்று ஜெபமாலையில் ஒரு மணியை அவனுக்கென்று ஒதுக்கி வைத்திருந்தேன், பெயர் தெரியாத அந்த மனுஷனை.

பாஸ்கல் பெண் பார்க்க வந்தபோது எங்களைத் தனியாகப் பேசச் சொல்லி மாடியில் விட்டார்கள். சினிமாவெல்லாம் பார்ப்பீங்களா என்று கேட்டார். ஒரே ஒரு படம்தான் மனசில் நிற்கிறது என்று நான் கதையைச் சொன்னேன், கடிகாரம், ரயில், எல்லாம். அந்த ரத்னசாமி மாதிரி ஒரு புருஷன் அமைஞ்சா போதும்னு நினைப்பேன் என்றேன், எவ்வளவு தைரியம் எனக்கு. அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். "முழுசாப் பாத்தீங்களா?" என்றார். "ரெண்டு தடவை" என்றேன். சிரித்தார், கண்ணில் தண்ணீர் வரும்வரைக்கும் சிரித்தார், கர்சீப்பை எடுத்துத் துடைத்துக்கொண்டார். சந்தோஷத்தில் சிரிக்கிறார் என்று நினைத்தேன். இல்லை, இதில்தான் மாட்டிக்கொண்டு நிற்கிறேன், இந்த ஒரு இடத்தையே சாயங்காலத்திலிருந்து சுற்றிச் சுற்றி வருகிறேன், அந்தச் சிரிப்பைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்கிறேன். அவர் படத்தை முழுசாகப் பார்த்தவர். கல்யாணமாகி அவர் முதல் தடவை ராத்திரி ஷிப்டுக்குக் கிளம்பியபோது என் அப்பா நிச்சயதார்த்தத்துக்குப் போட்ட வாட்சைக் கழற்றி என் மணிக்கட்டில் கட்டினார். "என் நேரத்தை உன்கிட்ட விட்டுட்டுப் போறேன்." நான் அழுதேன். அன்றிலிருந்து ராத்திரி எதற்கு வெளியே போனாலும், ஷிப்டோ, சிநேகிதன் வீட்டு விசேஷமோ, அந்த வாட்ச் என் கைக்கு வந்துவிடும், நான் அதைக் காதில் வைத்துக்கொண்டு தூங்குவேன். நாலு வருஷமாக. ஒரு தடவைகூட அவர் மறந்ததில்லை.

இன்றைக்குச் சாயங்காலம் டி.வி.யில் அந்தப் படம் என்றதும் நான் துள்ளினேன். பாஸ்கல்தான், "ஊருக்குப் போறவ, நேரத்தோட படுத்துத் தூங்கப் பாரு, எதுக்கு அந்தப் பழைய குப்பை?" என்றார். நான் கேட்கவில்லை. பக்கத்து வீட்டுச் சொர்ணம் அக்காவும் அவர் வீட்டுக்காரர் முத்தையா அண்ணனும் முறுக்குத் தட்டோடு வந்து தரையில் உட்கார்ந்துவிட்டார்கள், ஞாயிற்றுக்கிழமை என்றால் அவர்கள் இங்கேதான், முத்தையா அண்ணன் பாஸ்கல் வேலை பார்க்கிற அதே மில்லில் ஃபிட்டர். பாஸ்கல் நாற்காலியில். நான் குழந்தையை மடியில் போட்டுத் தட்டிக்கொண்டே பார்த்தேன். ரத்னசாமி கடிகாரத்தைக் கழற்றினான், கட்டினான், குஞ்சிதம் சிரித்தாள், நான் அடுத்து வரப்போகிற கைக்காகக் காத்திருந்தேன். கை வரவில்லை. ரத்னசாமி தெருவில் நடந்தான், ஒரு மாடிப்படி ஏறினான், ஒரு கதவு திறந்தது, லலிதா என்று ஒரு டைப்பிஸ்ட், வேறு ஏதோ ஆபீஸில், தன்னைக் கல்யாணமாகாதவன் என்று அவளிடம் சொல்லி வைத்திருக்கிறான். முதல் தடவை போனபோது அவள் அந்தக் கடிகாரத்தைத் திருப்பிப் பார்க்கிறாள், பின்பக்கம் மாமனார் தன் பெயரைக் கொட்டை எழுத்தில் பொறித்துக் கொடுத்திருக்கிறார். இது யாருங்க திருவேங்கடம் பிள்ளை என்கிறாள். எங்க ஹெட்கிளார்க், ரிட்டயர் ஆனப்ப ஞாபகார்த்தமா கொடுத்தார் என்கிறான். அதற்குப் பிறகுதான் போகும்போதெல்லாம் அதைக் கழற்றிப் பெண்டாட்டி கையில் கட்டிவிட்டுப் போகிறான். முத்தையா அண்ணன் தொடையில் அடித்துக்கொண்டு சிரித்தார். அவன் லலிதாவின் கையைப் பிடித்தான். "என்ன டீச்சர்?" என்றார் சொர்ணம் அக்கா. நான் அவரைப் பார்த்தேன். "மாதா கோயில் பாட்டா? அவன் அங்க அவ கையைப் புடிக்கிறான், நீங்க இங்க பூசை வைக்கிறீங்க!" அப்போதுதான் தெரிந்தது, நான் பாடிக்கொண்டிருந்திருக்கிறேன். என்னை அறியாமல், சத்தமாக, இரண்டாவது சரணம் வரைக்கும் போய்விட்டிருந்தேன். பாஸ்கல் திரும்பி என்னைப் பார்த்தார். "விடுங்கக்கா, படத்துக்கு மியூசிக் போதலையாம் அவளுக்கு" என்றார். அவர் கண்ணில் ஏதாவது இருந்ததா? ஒன்றும் இல்லை, அதுதான், கழுவின பாத்திரம் மாதிரி ஒன்றும் இல்லை.

படம் முடிய இன்னும் கொஞ்சம் இருக்கும்போது அவர் எழுந்து சட்டை மாட்டினார். மில்லில் மிஷின் ஓவர்ஹாலிங், ஞாயிற்றுக்கிழமை நின்று கிடக்கும்போதுதான் பார்க்க முடியும், விடியறதுக்குள்ள வந்துடறேன், வந்து உங்களை ஸ்டேஷன்ல விடறேன் என்றார். நான் எழுந்து நின்றேன். அவர் கை இடது மணிக்கட்டுக்குப் போனது. வேண்டாம் என்று நினைத்தேன், இன்றைக்கு வேண்டாம், இத்தனை பேர் முன்னால், இப்போதுதான் அதைப் பார்த்தோம். கழற்றினார். என் கையை எடுத்துக் கட்டினார். "அடடா, படத்துல வர்ற மாதிரியே!" என்று சொர்ணம் அக்கா கைகொட்டினார், "டீச்சர், உஷாரா இருங்க, மாடிப்படி ஏதாச்சும் இருக்கப் போகுது!" எல்லோரும் சிரித்தார்கள். பாஸ்கல் சிரித்தார். நானும் சிரித்தேன், என் வாய் சிரிப்பது எனக்குக் கேட்டது. அவர் செருப்பு மாட்டி வெளியே போனார். நான் ஏதாவது பேச வேண்டுமே என்று, "அண்ணே, நீங்க ஓவர்ஹாலிங் போகலையா?" என்று முத்தையா அண்ணனிடம் கேட்டேன். "என்ன ஓவர்ஹாலிங்?" என்றார் அவர், முறுக்கைக் கடித்தபடி. "இன்னிக்கா? நான் இல்லாம எந்த மிஷினை..." சொர்ணம் அக்கா அவர் தொடையில் கிள்ளினார். நான் பார்த்தேன். கிள்ளியதை நான் பார்த்ததையும் அவர் பார்த்தார். "இவருக்கு என்ன தெரியும் டீச்சர், இவர் ஒரு செக்‌ஷன், சார் ஒரு செக்‌ஷன், படத்தைப் பாருங்க" என்றார். அதற்குப் பிறகு அக்கா சிரிக்கவே இல்லை, முடிவில் எல்லோரும் சிரிக்கிற இடத்தில்கூட. போகும்போது என் தோளைத் தொட்டுவிட்டு, "நாளைக்குப் போகத்தான் போறீங்களா?" என்று மட்டும் கேட்டார். குழந்தைக்கு முடியலையே அக்கா என்றேன். ஆமாமா என்றார். அந்த ஆமாமாவை நான் எங்கே வைப்பது.

இந்த வாட்சில் எந்தப் பெயரும் இல்லை. விளக்குக்குக் கீழே பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். வழவழவென்று இருக்கிறது, எங்கள் வேர்வை பட்டு மங்கின வெறும் எவர்சில்வர். மறைக்க வேண்டியது எதுவும் இதில் இல்லை, அப்படியானால் எதற்குக் கழற்றினார் நாலு வருஷமாக? ஒன்று, நான் ஆசைப்பட்டேன் என்பதற்காக. ஒரு அசட்டுப் பெண் ஒரு படத்தை அரைகுறையாகப் பார்த்துவிட்டு ஆசைப்பட்டாள், பாவம், உண்மையைச் சொல்லி அவள் மனசை ஏன் உடைக்க வேண்டும் என்று, அவரும் தன் கையை லென்ஸ் முன்னால் வைத்துக்கொண்டார், சிஸ்டரைப் போலவே, அன்பினால். அப்படியும் இருக்கலாம். இருக்கலாம்தானே? இல்லையென்றால் அது ஒரு வேடிக்கை. ஒவ்வொரு தடவையும் என் கண்ணெதிரே, நான் எங்கே போகிறேன் பார் என்று சொல்லிவிட்டே போகிறார், நான் கண்கலங்கி வழியனுப்புகிறேன், தெரு முனை வரைக்கும் அவருக்குச் சிரிப்பு தாங்காது. இதை அவளிடமும் சொல்லியிருப்பார். இந்த நினைப்பு வந்தபோது நான் எழுந்து போய் முகத்தைக் கழுவிவிட்டு வந்தேன். அவள் யாரோ, பெயர் தெரியாது, முகம் தெரியாது, ஆனால் அவள் சிரிக்கிற சத்தம் எனக்குக் கேட்கிறது. நிஜமாகவா, அதைக் காதில் வைத்துக்கொண்டா தூங்கும் உங்க வீட்டம்மா? எல்லோர் முன்னாலும் இன்றைக்கு ஏன் கட்டினார், நான் படத்தை முழுசாகப் பார்த்துவிட்டேன் என்று தெரிந்தும்? மறதியா, பழக்கமா, அல்லது இன்றைக்குக் கட்டாமல் போனால் அதுவே ஒப்புக்கொண்டது போல ஆகிவிடும் என்று ஒரு நொடியில் கணக்குப் போட்டாரா? அவ்வளவு வேகமாகக் கணக்குப் போடுகிற மனுஷனோடா நான் படுத்து எழுந்திருக்கிறேன்? நான் பாவி, அநியாயமாக நினைக்கிறேன், மாதாவே, ஓவர்ஹாலிங் உண்மையாகவே இருக்கட்டும், அவர் உடம்பெல்லாம் கிரீஸோடு வந்து நிற்கட்டும், நான் காலில் விழுகிறேன்.

அனிட்டா இருமுகிறாள். போய்ப் பார்த்தேன். நெஞ்சில் கை வைத்தால் உள்ளே ஒரு பூனைக்குட்டி முனகுகிறது, இது பொய் இல்லை, இதை யாரும் கதையாகச் சொல்லவில்லை, இது என் உள்ளங்கையில் படுகிறது. டாக்டர் சொன்னார். என்ன சொன்னார்? இதை நிதானமாக யோசிக்க வேண்டும். டாக்டர் குழந்தையின் முதுகில் குழாயை வைத்துப் பார்த்தார், ஜன்னலைச் சாத்தி வையுங்கம்மா, மருந்தை விடாமல் கொடுங்க, சரியாகிவிடும் என்றார், அவ்வளவுதான் என்னிடம் சொன்னது. நாங்கள் வெளியே வந்து நின்றோம். பாஸ்கல், இரு, ஒரு சந்தேகம் கேட்டுட்டு வர்றேன் என்று மறுபடி உள்ளே போனார். நான் வராந்தாவில் குழந்தையை வைத்துக்கொண்டு நின்றேன். திரும்பி வந்து, ஊரை மாற்றணும்னு சொல்றார், ஒரு மாசமாவது இந்தத் தூசியை விட்டு இருக்கணுமாம், உன்கிட்ட சொன்னா பயப்படுவேன்னு சொல்லலையாம் என்றார். அந்தக் கதவுக்குப் பின்னால் என்ன பேசினார்கள் என்று எனக்குத் தெரியாது. எனக்கு எதுவுமே தெரியாது. ஒவ்வொரு விஷயத்திலும் நான் வராந்தாவில்தான் நின்றிருக்கிறேன், கை விலகின பிறகு மிச்சக் கதையைத்தான் பார்த்திருக்கிறேன், இடையில் என்ன நடந்திருக்கும் என்பதை நானே எல்லோருக்கும் நல்லபடியாக இட்டு நிரப்பிக்கொண்டேன். அதில் எனக்கு நல்ல பயிற்சி. போகாமல் இருந்துவிட்டு டாக்டர் சொன்னது உண்மையாக இருந்தால்? என் சந்தேகத்துக்காக ஒரு பச்சைக் குழந்தை மூச்சுக்குத் திணறினால்? போய்விட்டு, ஒரு மாதம் இரண்டு மாதமாகி, உடம்பு தேறட்டும் இன்னும் கொஞ்ச நாள் இரு என்று தபால் வந்தால்? அப்பா இல்லாத வீடு அது. அண்ணி முதல் வாரம் ஹார்லிக்ஸ் போட்டுக் கொடுப்பார், இரண்டாம் வாரம், மாப்பிள்ளை எப்ப வர்றார் என்று கேட்பார், மூன்றாம் வாரம் கேட்பதையும் நிறுத்திவிடுவார். நான் குழந்தையோடு அந்த வீட்டு முன்னறையில் பெட்டியைப் பிரிக்காமல் உட்கார்ந்திருப்பேன். இங்கே இந்த மேஜையில் இன்னொருத்தி. எந்த டம்ளரில் காபி குடிப்பாள்? பருப்பு டப்பா எது, மிளகாய்த் தூள் டப்பா எது என்று திறந்து திறந்து பார்ப்பாளா, அவர் எடுத்துக் கொடுப்பாரா? என்னிடம் ஒருநாளும் ஒரு டப்பாவை எடுத்துக் கொடுத்ததில்லை.

படத்தின் கடைசியில் கைக்குப் பின்னால் இருந்தது இதுதான். குஞ்சிதம் திரும்பி வந்து தன் வீட்டுக் கதவைத் தட்டுகிறாள். உள்ளே லலிதா, குஞ்சிதத்தின் புடவையில். ரத்னசாமி பதறி அவளை அலமாரிக்குள் திணிக்கிறான், கட்டிலுக்கு அடியில் தள்ளுகிறான், மறுபடி அலமாரி, பாத்திரமெல்லாம் உருள்கிறது, முத்தையா அண்ணனுக்குப் புரையேறிவிட்டது சிரித்துச் சிரித்து. அதுவரைக்கும் குஞ்சிதம் வெளியே நிற்கிறாள். அவளை யாரும் கவனிக்கவில்லை, படம் எடுத்தவர்களே கவனிக்கவில்லை, இரண்டு தடவைதான் அவளைக் காட்டினார்கள், கையில் ஒரு கூடையோடு, தன் வீட்டு வாசலில், யார் வீட்டுக்கோ வந்தவள் மாதிரி. அப்புறம் உள்ளே போய், எல்லாம் தெரிந்து, மாமனார் வந்து ரத்னசாமியின் காதைத் திருகி, லலிதா தலையில் அடித்துக்கொண்டு போய்விட்டு, குஞ்சிதம் சொல்கிறாள், உங்களை விட்டா எனக்கு யாருங்க இருக்காங்க. அவ்வளவுதான். உடனே எல்லோரும் சிரிக்கிறார்கள். நாங்கள் கான்வென்டில் கைதட்டியது அந்தச் சிரிப்புக்குத்தான். சிஸ்டர் கொர்னேலியா கையை எடுத்தது அந்தச் சிரிப்புக்காகத்தான், அது பார்க்கத் தகுந்தது, அது பாவமில்லை. உங்களுக்கு எப்படித் தோன்றியது சிஸ்டர், அவன் அவள் கையைப் பிடித்ததை நாங்கள் பார்க்கக் கூடாது, ஆனால் அவள் சிரித்ததைப் பார்த்தால் பரவாயில்லை என்று? நீங்களும் முதல் நாள் ராத்திரி தனியாக உட்கார்ந்து அதை முழுசாகப் பார்த்தீர்களே. எனக்குச் சிரிப்பு வரவில்லை சிஸ்டர். எனக்கும் அவரை விட்டால் யாரும் இல்லை, அது உண்மை, அந்த உண்மைக்கு எப்படிச் சிரிப்பது என்றுதான் தெரியவில்லை. கடிகாரத்தைக் கழற்றி அரிசி டப்பாவுக்குள் போட்டுவிட்டேன், காதுக்குப் பக்கத்தில் அது ஓடுவதைத் தாங்க முடியவில்லை. பெட்டியின் பெல்ட்டை அவிழ்த்தேன். மறுபடி மாட்டினேன். மறுபடி அவிழ்த்தேன். குழந்தையின் சட்டைகளை மட்டும் எடுத்து அலமாரியில் வைத்தேன், அப்படியானால் என் புடவைகள் மட்டும் ஊருக்குப் போகின்றனவா என்று பைத்தியம் மாதிரி தோன்றியது, அவற்றையும் எடுத்து அடுக்கினேன், பெட்டி காலியானதும் பயம் இன்னும் அதிகமாகிவிட்டது, இனி அவர் வரும்போது இதற்கு நான் ஏதாவது சொல்ல வேண்டும்.

ஸ்கூட்டர் சத்தம். தெரு முனையிலேயே எஞ்சினை நிறுத்திவிட்டார், உருட்டிக்கொண்டு வருகிறார், எங்கள் தூக்கம் கெடக்கூடாது என்று அவர் எப்போதும் செய்வது, இதையும் நான் கரிசனம் என்று நினைத்திருந்தேன். கேட் கொக்கி. எழுந்துவிட்டேன். நிற்கிற இடத்திலிருந்து கதவு தெரிகிறது, சாவித் துவாரம் தெரிகிறது, அதற்கு மேலே தாழ்ப்பாள், போன பெயிண்டிங்கின்போது வண்ணம் இறுகிப் போனதிலிருந்து யாரும் தொடாத தாழ்ப்பாள். என் கால்கள் போகின்றன.

இதற்கு மேல் நடந்ததைப் பிறகுதான் எழுதுகிறேன். தாழ்ப்பாளை இழுத்தேன், அசையவில்லை. சாவி திரும்பிவிட்டது. கதவு ஒரு சாண் திறந்தது, நான் தோளைக் கொடுத்து நின்றுவிட்டேன். அந்தச் சந்தில் அவர் முகத்தில் பாதி தெரிந்தது. சட்டை வெள்ளை வெளேரென்று இருந்தது. "செலின்? தூங்கலையா? என்ன, கதவுக்குப் பின்னாடி என்ன வெச்சிருக்க?" என்றார். "நான்தான்" என்றேன். "தள்ளு, களைப்பா இருக்கு. வண்டிக்கு நேரமாச்சு, குழந்தையைக் கிளப்பு." "நாங்க போகலை." "உனக்கென்ன பைத்தியமா? டாக்டர் என்ன சொன்னார்னு மறந்துட்டியா?" என்றார். "நான் போய்க் கேட்டுக்கறேன். காலையில நானே தூக்கிட்டுப் போறேன். எங்கிட்ட சொல்லட்டும், போகணும்னா அப்புறம் போறேன்." "செலின், பக்கத்து வீட்டுல கேட்கும்." "கேட்கட்டும். முத்தையா அண்ணனை நீங்க கூட்டிட்டே போகலை போல?" இப்போது அவர் சிரித்தார், மெதுவாக, மாடியில் அன்றைக்குச் சிரித்தது போல இல்லை, இது எதற்கும் உதவுகிற சிரிப்பு. "அவனுக்கு இன்னிக்கு ஆஃபும்மா, அதுக்கா இவ்வளவு?" என்றார். எவ்வளவு சுலபமாக வந்தது. ஒரு நொடி நானும் சிரித்துவிடுவேன் போலிருந்தது, அதைச் சிரித்து முடித்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடும், காபி போடலாம், சட்டைகளை மறுபடி பெட்டியில் அடுக்கலாம், பிளாட்பாரத்தில் அவர் கூடவே ஓடி வருவார். உள்ளே அனிட்டா இருமினாள். கதவைத் தள்ளினேன். அவர் அந்தப் பக்கத்திலிருந்து கையை வைத்திருந்தார், தள்ளவில்லை, வைத்திருந்தார், நான் முழு உடம்பையும் கொடுத்துத் தள்ளினதும் கையை எடுத்துக்கொண்டார். கதவு சட்டத்தில் போய் உட்கார்ந்தது. கீழே கிடந்த அவருடைய ஷூவை எடுத்து அதன் குதியால் தாழ்ப்பாளின் கைப்பிடியில் அடித்தேன். "என்ன பண்ற? செலின்! என்ன பண்ற?" சொர்ணம் அக்கா வீட்டில் விளக்கு எரிந்தது. மறுபடி அடித்தேன். பச்சைப் பெயிண்ட் செதில் செதிலாக உதிர்ந்து என் கால்மேல் விழுந்தது, இன்னொரு அடி, இரும்பு கிறீச்சிட்டுக்கொண்டு நகர்ந்து சுவரில் இருந்த ஓட்டைக்குள் கடைசி வரைக்கும் போய் நின்றது.